அத்தையின் பெயரில் என் ரத்தம்

என் மாமியாருக்கு முடக்குவாதம் என்று ரிப்போர்ட் வந்த நாளிலிருந்து எங்கள் வீட்டில் போர்வை பிழிவது, களி கிண்டி உருட்டுவது, தேங்காய் துருவுவது, கீழ்வீட்டுக் குழாயிலிருந்து குடம் தூக்குவது எல்லாம் என் தலையில் விழுந்தது. அதற்கு முன் பாதிக்குப் பாதி. இப்போது அத்தை சுவரோரம் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து, காலை ஸ்டூல்மேல் நீட்டி, வெந்நீர்ப் பையை முட்டியில் வைத்துக்கொண்டு, "நல்லா முறுக்கிப் பிழி அம்முணி, ஈரத்தோட கொடியில போட்டா நாறிப்போயிரும்" என்பார். நானும் முறுக்குவேன். ஆள்காட்டி விரலின் அடிமுட்டியில் தொடங்கும் வலி மணிக்கட்டு வழியாக முழங்கை வரை போய்விட்டுத் திரும்பி வரும். அப்போதெல்லாம் எனக்கு ஒரே நினைப்புதான். அந்த ரிப்போர்ட்டில் இருந்த ரத்தம் என்னுடையது.

என் பெயர் மோகனப்ரியா. பிறந்தது ஹனூர் பக்கம், மைசூருக்கு வாழ்க்கைப்பட்டு வந்து பதினோரு வருடம் ஆகிறது. வீட்டுக்காரர் சந்தோஷ்குமார் மேட்டகள்ளிப் பக்கம் ஒரு கம்பெனியில் ஷிஃப்ட் வேலை பார்க்கிறார். நான் தேவராஜ மொஹல்லாவில், மார்க்கெட்டுக்குப் பின்சந்தில், வாழைக்காய் மண்டிக்கு மேல்மாடியில் இருக்கும் ஒரு லேபில் ஒன்பது வருடமாக ரத்தம் எடுக்கிறேன். இதெல்லாம் ஒரு வித்தையா என்று கேட்பவர்கள் உண்டு. மருந்து ஏற்றி ஏற்றி நரம்பெல்லாம் உள்ளே ஒளிந்துகொண்ட ஒரு கையை அவர்கள் பார்த்ததில்லை. கண்ணால் தேடினால் அது கிடைக்காது. விரல் நுனியால் தடவிக்கொண்டே போனால் ஓரிடத்தில் மெத்தென்று எழும்பும், அங்கே ஊசியை இறக்க வேண்டும். கைக்குழந்தையைக் கொண்டுவருகிறவர்கள் கவுண்டரில் "ப்ரியா மேடம் இல்வா?", இல்லையா, என்று என்னைக் கேட்டுத்தான் சீட்டு எழுதுவார்கள். வேறு எதிலும் நான் கெட்டிக்காரி இல்லை. சாம்பாரில் உப்புகூடச் சரியாக விழாது. இந்த ஒன்றில் மட்டும் எனக்குக் கொஞ்சம் கர்வம் இருந்தது.

போன தசராவுக்குப் பிறகுதான் விரல்கள் மக்கர் பண்ண ஆரம்பித்தன. முதலில் மோதிரம் கழலவில்லை. பிறகு காலையில் பால் பாக்கெட்டின் மூலையைக் கிள்ள முடியவில்லை. பல்லால் கடித்துத் திறந்தேன். தூங்கி எழுந்தால் இரண்டு கையும் யாரோ மாவில் முக்கிக் காயவைத்த மாதிரி விறைத்துக் கிடக்கும். மடங்க ஒன்றரை மணி நேரம் ஆகும். எங்கள் லேபிலோ கூட்டமே ஆறரை மணிக்குத்தான், எல்லாம் வெறும் வயிற்றில் சர்க்கரை பார்க்க வருகிறவர்கள். அதனால் நாலே முக்காலுக்கே எழுந்து வாளியில் வெந்நீர் பிடித்து அதில் கைகளை ஊறவைப்பேன். கேட்டால் துணி ஊறுகிறது என்பேன்.

எனக்கு என்ன என்று எனக்குத் தெரியும். கோர்ஸ் படிக்கும்போது மனப்பாடம் பண்ணிய பாடம்தான். ஓர் இடத்தில் அழற்சி என்றால் சிவப்பு, சூடு, வீக்கம், வலி. ஐந்தாவதாக ஒன்று இருக்கிறது, பரீட்சையில் எல்லோரும் அதை மறந்துவிட்டு வருவோம்: அந்த இடம் வேலைக்கு ஆகாமல் போவது. காலில் முள் குத்துகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். உடம்பு உடனே அந்தப் பக்கத்து ரத்தக்குழாய்களை அகலமாக்கிவிடும். ரத்தம் கூடுதலாக வருவதால் சிவக்கும், சுடும். குழாயின் சுவர் இளகி நீர் வெளியே கசியும், அதனால் வீங்கும். அந்த இளகிய சுவரின் இடுக்கு வழியாக வெள்ளை அணுக்கள் நெளிந்து வெளியே வந்து, முள்ளோடு வந்த கிருமிகளைத் தின்று தீர்க்கும். இவ்வளவும் நல்லதற்குத்தான். வந்தவர்கள் வேலை முடிந்ததும் கிளம்பிவிட வேண்டும், கிளம்பினால் ஆரோக்கியம். சிலருக்கு அவர்கள் முள்ளே குத்தாத இடத்துக்கு வந்துவிடுவார்கள். யாரோ தப்பாக விலாசம் கொடுத்த மாதிரி விரல் முட்டிக்குள் வந்து இறங்கி, கிருமியைத் தேடி, கிடைக்காமல், அங்கே இருக்கிற சொந்தச் சவ்வையே தின்ன ஆரம்பிப்பார்கள். போகவும் மாட்டார்கள். இதைப் படித்தபோது எனக்கு வயது இருபது. பத்து மார்க் கேள்வி என்பதற்கு மேல் ஒன்றும் தோன்றவில்லை.

தெரிந்தும் ஏன் டாக்டரிடம் போகவில்லை என்றால், லிங்கப்பன். எனக்கு முன்பிருந்தே எங்கள் லேபில் ரத்தம் எடுத்துக்கொண்டிருந்தவர். அவருக்குக் கை லேசாக நடுங்க ஆரம்பித்தது. லேபை நடத்தும் டாக்டர் செலுவம்பா நல்லவர்தான், யாரையும் சத்தம் போட்டுப் பேச மாட்டார். லிங்கப்பனை முதலில் கவுண்டரில் உட்காரவைத்தார். பிறகு வீடு வீடாகப் போய் சாம்பிள் வாங்கிவரச் சொன்னார். ஒருநாள் அவர் வரவில்லை, ஏன் வரவில்லை என்று யாரும் போன் பண்ணவில்லை. ஊசி பிடிக்கிற கை சரியில்லாதவர்களுக்கு எங்கள் தொழிலில் இடமில்லை, அதில் தப்பு சொல்லவும் முடியாது. ஒரு குழந்தையின் கையை நடுங்குகிற ஒருவரிடம் நானும் நீட்டமாட்டேன்.

இருந்தாலும் தெரிந்துகொள்ள வேண்டும்போல் இருந்தது. எங்கள் லேபில் ஒரு வழக்கம், வேலை செய்கிறவர்களின் வீட்டாருக்கு டெஸ்ட் எல்லாம் இலவசம். ஒரு மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போன நேரத்தில் உள்ளறைக்குப் போய், ரப்பர் பட்டையை இடதுகையில் சுற்றிப் பல்லால் இழுத்துக்கொண்டு, வலதுகையால் என் ரத்தத்தை நானே எடுத்தேன். எல்லா ரிப்போர்ட்டும் டாக்டரம்மாவின் கையெழுத்துக்குப் போகும். மோகனப்ரியா என்று போட்டால் ஒரு நொடியில் தெரிந்துவிடும். அதனால் கம்ப்யூட்டரில் வள்ளியாத்தாள், வயது அறுபத்தொன்று என்று அத்தையின் பெயரைப் போட்டேன். அத்தைக்கு இரண்டு வருடம் முன்பு அங்கேதான் சர்க்கரை பார்த்தோம். பெயரின் முதல் நாலெழுத்தை அடித்ததும் பழைய விவரம் தானாக வந்து நிரம்பியது. நான் பார்த்தது பெயரையும் வயதையும்தான். அதற்குக் கீழே, ரிப்போர்ட் தானாகப் போய்ச் சேரும் இடத்தில், என் வீட்டுக்காரரின் போன் நம்பர் இருந்ததைப் பார்க்கவில்லை. ஒரு நாளைக்கு அறுபது பேருக்கு நம்பர் சரியா என்று இரண்டு முறை கேட்கிறவள் நான்.

அன்று சாயங்காலம் நான் வீட்டுக்குள் நுழையும்போதே அவர் போனை நீட்டினார். "ப்ரியா, அம்மாவுக்கு எப்ப டெஸ்ட் எடுத்தே? எல்லாம் செகப்புல வந்திருக்குது பாரு."

எழுபத்தெட்டு. ரத்தம் இறங்கும் வேகம், இருபதுக்குள் இருக்க வேண்டியது. அழற்சிக்கும் வாதத்துக்கும் பார்க்கும் மற்ற இரண்டும் அதைவிட மோசம். நான் செருப்பைக் கழற்றாமல் நின்று என் நோயை அவர் கையிலிருந்து படித்தேன். வாயைத் திறந்து ஏதோ சொல்லவும் போனேன், அதற்குள் அத்தை உள்ளேயிருந்து வந்துவிட்டார். மகன் அவரை உட்காரவைத்து விளக்கினார். வாதம், ரத்தத்திலேயே இருக்கிறது, அதனால்தான் கால் வலிக்கிறது. அத்தை போனை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார். பயத்தில் அழுகிறார் என்றுதான் முதலில் நினைத்தேன்.

"இருவது வருசமா சொன்னனே சாமி," என்றார். "என்ற கால் போச்சு, கால் போச்சுன்னு உங்கப்பங்கிட்டச் சொன்னேன். வேலைக்கு டிமிக்கி குடுக்கறாளாம்னு சிரிச்சாரு. மீனாகிட்டச் சொன்னேன், வயசானா அப்படித்தாம்மான்னா. நீயுந்தான எண்ணெயத் தேச்சுட்டுப் படும்மான்ன. இப்ப பாரு. காயிதத்துலயே போட்டுட்டான்."

அத்தைக்கு நிஜமாகவே கால் வலிக்கிறது. ஹனூரில் மாமனார் இருந்த காலத்தில் செண்டுமல்லிக் காட்டுக்கு எத்தனை குடம் தண்ணீர் சுமந்திருப்பார், எத்தனை மூட்டை ராகி அந்தத் தலையில் ஏறி இறங்கியிருக்கும். முட்டிக்குள் இருக்கிற மெத்தை தேய்ந்து எலும்பு எலும்போடு உரசுகிறது. ஆனால் தேய்மானம் ரத்தத்தில் தெரியாது. ரத்தத்தில் தெரியாத வலியை எந்தக் காகிதமும் ஒத்துக்கொள்வதில்லை, வீட்டில் இருக்கிறவர்களும் ஒத்துக்கொள்வதில்லை. நானே எத்தனை நாள் "கெழவிக்கு வேற வேலையில்ல" என்று மனசுக்குள் திட்டியிருக்கிறேன். எனக்குக் கேவலமாக இருந்தது. நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்று செருப்பைக் கழற்றினேன்.

நாளைக்குள் செய்தி ஹனூர் வரை போய்விட்டது. நாத்தனார் மீனா இரண்டு பிள்ளைகளோடும் ஒரு சாக்குப்பையோடும் பஸ் ஏறி வந்தாள். பையில் நொச்சி இலை, ஆமணக்கு எண்ணெய், யாரோ கொடுத்த ஒரு டப்பா தைலம். அவள் வந்ததைக் கேட்டு குண்டலுபேட்டையிலிருந்து அத்தையின் அக்கா, பெரியத்தை வந்தார். இரண்டு அறை வீட்டில் ஏழு பேர். சூடு தாங்காமல் ஜன்னலையெல்லாம் திறந்துபோட்டோம். எல்லோரும் அத்தையைச் சுற்றி உட்கார்ந்து காலை மாற்றி மாற்றிப் பிடித்துவிட்டார்கள். நான் ஏழு பேருக்குக் களி கிண்டினேன். துடுப்பை இரண்டு கையாலும் பிடிக்க முடியாமல் முழங்கைக்குள் இடுக்கிக்கொண்டு சுற்றினேன். உதவிக்கு ஓடிவருகிறவர்கள் தப்பான இடத்துக்கு வந்தால் என்ன ஆகும் என்று பத்து மார்க்குக்கு எழுதியதெல்லாம் அடுப்படியில் நின்றபடி ஞாபகம் வந்தது. மீனா ஒன்பது நாள் இருந்தாள்.

அதற்கிடையில் அத்தையை ஒரு மூட்டு டாக்டரிடம் அழைத்துப் போனோம். அவர் அத்தையின் விரல்களை ஒவ்வொன்றாக அழுத்திப் பார்த்தார். "வீக்கமே இல்லையே," என்று என்னைப் பார்த்துக் கன்னடத்தில் சொன்னார். அது அத்தைக்குப் புரியாத மொழியாக இருந்திருந்தால் உண்மையைச் சொல்லியிருப்பேனோ என்னவோ. அத்தைக்குக் கன்னடம் நன்றாகவே புரியும், முந்திக்கொண்டார். வீக்கம் வரும் போகும், இன்றைக்குப் பார்த்து இல்லை என்றார். தன் நோயை யாரும் பிடுங்கிக்கொண்டு போய்விடாமல் பார்த்துக்கொள்கிற மாதிரி இருந்தது அந்தப் பேச்சு. டாக்டர் மறுபடி ரிப்போர்ட்டைப் பார்த்தார். விரல் சொல்வதை நம்புவதா, எண் சொல்வதை நம்புவதா என்று யோசிப்பது தெரிந்தது. இரண்டு வாரத்துக்கு ஒரு ஸ்டீராய்டு மாத்திரை எழுதினார். முடிந்ததும் மறுபடி ரத்தம் பார்த்துவிட்டு வரச் சொன்னார்.

ஸ்டீராய்டு யாருடைய வலி என்று கேட்காது. நாலாம் நாள் அத்தை நாற்காலியை விட்டு எழுந்தார். ஏழாம் நாள் மார்க்கெட் வரை போய் வெற்றிலை வாங்கி வந்தார். மாடிப்படியில் கைப்பிடியைத் தொடாமல் இறங்கினார். "உம்பட லேபு நல்லாருக்கோணும் அம்முணி, நீ அன்னிக்கு டெஸ்ட்டு எடுக்காம இருந்திருந்தா நான் இப்படியே செத்திருப்பேன்" என்று என் கன்னத்தை வழித்து நெட்டி முறித்தார். பதினோரு வருடத்தில் முதல் தடவை. அந்தச் சந்தோஷத்தை நான் எங்கே வைத்துக்கொள்வது? அன்றைக்குக் காலையில் எனக்கு ஜாக்கெட் கொக்கி போட வரவில்லை. ஊக்கு குத்திக்கொண்டு லேபுக்குப் போனேன்.

அங்கே ஒரு பெரியவருக்கு இரண்டாம் தடவையும் நரம்பு தப்பியது. அவர் "மெல்லகே, மெல்லகே" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். மத்தியானம் டாக்டரம்மா என் மேஜைப் பக்கம் வந்து, "இன்னிக்கு யாரையோ ரெண்டு தடவை குத்தினயாமே ப்ரியா? தூக்கம் சரியா இல்லையா?" என்று கேட்டார். மேலோட்டமாகத்தான் கேட்டார். லிங்கப்பனிடமும் முதலில் அப்படித்தான் கேட்டார்.

அன்று வீட்டுக்கு வந்து ஒரு காரியம் செய்தேன். அத்தையின் மாத்திரை அட்டையிலிருந்து ஒன்றை எடுத்துப் போட்டுக்கொண்டேன். நியாயப்படி அது எனக்கு எழுதிய மருந்துதானே என்று சமாதானம் சொல்லிக்கொண்டேன். மறுநாள் காலை வாளிக்குள் கையை விடும் முன்பே விரல்கள் பாதி மடங்கின. மூன்றாம் நாள் பால் பாக்கெட்டின் மூலையைக் கிள்ளித் திறந்தேன். அடுப்படியில் பாக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் சும்மா நின்றேன். அழுகையாக வந்தது. மூன்று மாத்திரையோடு நிறுத்திவிட்டேன். அத்தையின் மருந்தைத் திருடித் தின்றுகொண்டு என்னால் அத்தையின் முகத்தைப் பார்க்க முடியவில்லை. இரண்டு நாளில் விரல்கள் பழையபடி ஆகிவிட்டன, இன்னும் கொஞ்சம் கோபத்தோடு.

பத்தாம் நாள் அத்தை தண்ணீர் தண்ணீர் என்று சொம்பு சொம்பாகக் குடித்தார். ராத்திரியில் நாலு தடவை பாத்ரூம் போனதாகவும் சொன்னார். எனக்கு உடனே புரிந்தது. அத்தைக்கு ஏற்கெனவே சர்க்கரை, ஸ்டீராய்டு அதை ஏற்றிவிடும். வீட்டில் இருக்கிற மெஷினில் விரலைக் குத்திப் பார்த்தேன். முந்நூற்றுப் பதினெட்டு. மாத்திரையை நிறுத்துங்கள் அத்தை என்றேன்.

"அதெல்லாம் கெடக்குது. சக்கரைக்கு ஒரு மாத்திரை சேத்திப் போட்டுக்கறேன். கால் நல்லாருக்குதில்ல?"

வீட்டுக்காரர் டாக்டருக்குப் போன் பண்ணினார். சர்க்கரை மாத்திரையைக் கூட்டச் சொன்னார் டாக்டர், இரண்டு வாரம் முடிந்ததும் ரத்தம் பார்த்துவிடலாம் என்றார். எண் அப்படியே இருந்தால் இதைவிட வீரியமான, வாரம் ஒருமுறை போடும் மாத்திரையை ஆரம்பிக்கலாம். குறைந்திருந்தால் மருந்து வேலை செய்கிறது என்று அர்த்தம், தொடரலாம்.

அன்று பஸ்ஸில் ஜன்னல் கம்பியில் தலையைச் சாய்த்துக்கொண்டு இதையே திருப்பித் திருப்பி யோசித்தேன். அதுவரை ஒரு குறுக்குவழி இருப்பதாக நம்பிக்கொண்டிருந்தேன். இந்தத் தடவை அத்தையின் நிஜ ரத்தத்தை வைத்துவிட்டால் எண் சரியாக வந்துவிடும், டாக்டர் மருந்தை நிறுத்திவிடுவார், யாருக்கும் ஒன்றும் தெரியவேண்டாம். இப்போது அது அடைபட்டுவிட்டது. எண் நன்றாக வந்தால் மருந்து ஜெயித்ததாக ஆகும். அத்தை அதைத் தின்றுகொண்டே இருப்பார். சர்க்கரை ஏறும், கண் போகும், கிட்னி போகும். அந்தக் கணக்குகளெல்லாம் தினமும் என் கையால் போகிற ரிப்போர்ட்டுகளில் இருப்பவைதான். சொல்லத்தான் வேண்டும். சொன்னால் வீட்டில் திட்டு விழும், அதைத் தாங்கிக்கொள்ளலாம். அடுத்து டாக்டரம்மாவுக்குத் தெரியவரும், கையிலிருந்து ஊசி போகும். அதைவிட, அத்தையிடம் போய் உங்களுக்கு ஒன்றுமில்லை என்று எப்படிச் சொல்வது என்பதுதான் தெரியவில்லை. களைப்பாக இருந்தது. சர்க்கிள் தாண்டி, இறங்க வேண்டிய ஸ்டாப்பும் தாண்டிப் போய்த் திரும்பி நடந்து வந்தேன்.

இரண்டு வாரம் முடிந்த வெள்ளிக்கிழமை அத்தையை முதல் பஸ்ஸில் அழைத்துக்கொண்டு லேபுக்கு வந்தேன். ஆறு மணிகூட ஆகவில்லை. கீழே மண்டியில் வாழைத்தார் இறக்கிக்கொண்டிருந்தார்கள். மல்லிகை மூட்டைகளை அவிழ்க்கிற வாசனை படிவரை வந்தது. சாவி என்னிடம்தான் இருக்கும், திறந்து விளக்கைப் போட்டேன். அத்தை ரத்தம் கொடுக்கும் நாற்காலியில் உட்கார்ந்து, ஏதோ விசேஷத்துக்கு வந்தவரைப்போல முந்தானையைச் சரிசெய்துகொண்டு கையை நீட்டினார். காட்டு வேலை செய்த கை. நரம்பு கயிறு மாதிரி மேலே நிற்கிறது, கண்ணை மூடிக்கொண்டு குத்தலாம்.

என்னால் ஊசியின் மூடியைக் கழற்ற முடியவில்லை. முதல் பஸ்ஸைப் பிடிக்கிற அவசரத்தில் அன்று வெந்நீருக்கு நேரம் இல்லாமல் போயிருந்தது. பிடித்துப் பார்த்தேன், வழுக்கியது. புறங்கையால் அணைத்துக்கொண்டு திருகினேன். பல்லுக்குக் கொண்டுபோகலாமா என்று ஒரு நொடி யோசித்தேன்.

"இங்க குடு," என்றார் அத்தை. வாங்கி ஒரே இழுப்பில் மூடியைக் கழற்றினார். திருப்பிக் கொடுக்கும்போது அவர் விரல்கள் என் விரல்மேல் பட்டன. கொடுக்காமல் அப்படியே நிறுத்தினார். ஊசியை ஜாக்கிரதையாகத் தட்டில் வைத்துவிட்டு என் வலதுகையை எடுத்துத் தன் இரண்டு கைகளுக்குள் வைத்துக்கொண்டார். அடிமுட்டிகள் நாலும் வீங்கி, மேல்தோல் பளபளவென்று இருந்தது. அவருடைய விரல்கள் அறுபத்தொரு வயதிலும் நேராக, காய்ப்பு காய்த்து, குளுமையாக இருந்தன.

"இதென்ன அம்முணி இப்படிக் கொதிக்குது?"

நான் கையை இழுத்துக்கொள்ளப் பார்த்தேன்.

"மாத்திரையில மூணு கொறஞ்சுது. நான் எண்ணித்தான் வெச்சிருந்தேன். பசங்க எடுத்துருப்பாங்களோன்னு பயந்து மீனாகிட்டக்கூடக் கேட்டேன்."

"நாந்தானுங்க அத்தை எடுத்தேன்."

"எதுக்கு?"

சொல்லிவிட்டேன். ஒன்பது வருடம் ஊசி குத்தியதில் ஒன்று தெரியும், மெதுவாகக் குத்தினால்தான் அதிகம் வலிக்கும். "அந்த ரத்தம் என்னுதுங்க. உங்க பேர எழுதினது நான். அவரு போன் நம்பர் தானா வந்திருச்சு. உங்களுக்கு வாதமில்லீங்க அத்தை. அந்த மாத்திரை உங்களுக்கு வேண்டியதில்லைங்க, சக்கரை ஏறுறது அதுனாலதான்."

கீழே தார் இறக்குகிறவர்கள் எதற்கோ சிரித்தார்கள். அத்தை என் கையை விடவில்லை. கையைப் பார்த்தபடியே இருந்தார். திட்டுவார், அல்லது எழுந்து போய்விடுவார் என்று நினைத்தேன். எதற்கும் தயாராகத்தான் இருந்தேன்.

"அப்ப எனக்கு ஒண்ணுமே இல்லியா?" என்றார்.

"இருக்குதுங்க. தேய்மானமுங்க. அது ரத்தத்துல தெரியாது."

"தெரியாதுன்னா என்ற பையன் எப்படி நம்புவான்?"

நான் நம்புகிறேன் அத்தை என்று சொல்ல வாய் வரை வந்தது. இருபது வருடம் கழித்து, அதுவும் என் மூலமாக, அது ஒரு சமாதானமா? அவர் முகம் பழையபடி ஆகிக்கொண்டிருந்தது. ரிப்போர்ட் வருவதற்கு முன்னால் இருந்த முகம், எதைச் சொன்னாலும் யாரும் காதில் வாங்காதவரின் முகம். அந்த முகத்தை இத்தனை கிட்டத்தில் நான் பார்த்ததே இல்லை.

பிறகு அத்தை கையை மறுபடி நீட்டினார். "எடு."

"எதுக்குங்க, இனி வேண்டியதில்லை."

"எடு அம்முணி. இவ்வளவு தூரம் வந்தாச்சு. என்றதையும் ஒருக்காப் பாத்துப்போடலாம்."

எடுத்தேன். ஒரே குத்தில் வந்தது, விரல்கள் அந்த ஒன்றுக்கு மட்டும் எப்படியோ மடங்கின. அடுத்து அத்தை ரப்பர் பட்டையை எடுத்து, கேட்காமலே, என் இடதுகையில் கட்டினார். கன்றுக்குட்டிக்குக் கயிறு கட்டுகிற முடிச்சு. என்னுடையதையும் எடுத்தேன். இரண்டு ரத்தத்தையும் மெல்லிய நீளக் கண்ணாடிக் குழாய்களில் பூஜ்யம் கோடு வரை ஏற்றி ஸ்டாண்டில் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தினேன். லேபிள் எழுதினேன். ஒன்றில் வள்ளியாத்தாள். இன்னொன்றில், எழுத்து கோணல்மாணலாக, மோகனப்ரியா.

இதை ஒரு மணி நேரம் அப்படியே விட வேண்டும். உடம்பில் அழற்சி இருந்தால் சிவப்பணுக்கள் அடுக்கின தட்டுகள் மாதிரி ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கனத்துச் சீக்கிரமாகக் கீழே இறங்கும், மேலே மஞ்சள் நீர் தெளிந்து நிற்கும். எத்தனை கோடு இறங்குகிறதோ அதுதான் எண். அத்தைக்கு அதைச் சொன்னேன். அவர் நாற்காலியை ஸ்டாண்டுக்கு நேராக இழுத்துப் போட்டுக்கொண்டார்.

ஆறரைக்குச் சர்க்கரைக்காரர்கள் வர ஆரம்பித்தார்கள். கூட வேலை பார்க்கும் சௌம்யா வந்ததும், "நீ எடு, எனக்குக் கை சரியில்லை" என்றேன். ஒன்பது வருடத்தில் அந்த வாக்கியத்தை முதல் தடவையாகச் சொன்னேன். அவள் என் கையைப் பார்த்தாள், க்ளவுஸ் மாட்டிக்கொண்டாள். நான் கவுண்டரில் உட்கார்ந்து ஒவ்வொருவரிடமும் போன் நம்பர் சரியா என்று இரண்டு முறை கேட்டேன்.

ஏழே கால் சுமாருக்கு உள்ளே எட்டிப் பார்த்தேன். என் குழாயில் சிவப்பு எக்கச்சக்கமாக இறங்கிவிட்டிருந்தது, மேலே வெளிர் மஞ்சள். அத்தையினுடையது கிட்டத்தட்ட வைத்த இடத்திலேயே நின்றது.

"உன்றது சர்ருனு எறங்குது," என்றார் அத்தை, திரும்பாமலே. "இவ்வளத்தையும் உள்ள வெச்சுக்கிட்டா களி கிண்டிட்டிருந்த?"

"ஆமாங்க."

"சொல்றதுக்கென்ன கேடு உனக்கு?"

கீழே டாக்டரம்மாவின் ஸ்கூட்டர் வந்து நிற்கும் சத்தம் கேட்டது. பிறகு படியில் செருப்புச் சத்தம். இன்னும் ஐந்து நிமிடத்தில் அவர் இந்த ஸ்டாண்டு முன் வந்து, கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு லேபிளைப் படிப்பார். நான் எழுந்து நின்றேன். கையை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் மேஜைமேல் தெரிகிற மாதிரி வைத்தேன்.

அத்தை செருப்புச் சத்தத்துக்கும் திரும்பவில்லை. நாற்காலியை விட்டு எழுந்து, முட்டிகள் இரண்டும் சொடுக்க, அவற்றின்மேல் கைகளை ஊன்றிக் குனிந்து தன் பெயர் எழுதிய குழாயின் முன் நின்றார். கொஞ்சமாவது இறங்கிவிடாதா என்று அந்தச் சிவப்புக் கோட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.